மூன்று வருஷப் போக்கியம்

1

எங்கள் வீட்டுக்கு ஐந்து வயது நிறைந்துவிட்டதென்று என் கணவர் கேக் வாங்கி வந்தார். வீட்டுக்கு உண்மையில் எண்பது வயதாவது இருக்கும். கூரை ஒழுகும் நாட்களில் நூறு என்று தோன்றும். ஐந்து வயது கடனுக்கு. லண்டனின் கிழக்கு ஓரத்தில், சுவர்களை அக்கம்பக்கத்தாரோடு பங்குபோட்டுக்கொண்டு வரிசையாக நிற்கும் வீடுகளில் ஒன்றை வாங்கியிருக்கிறோம். பணம் கொடுத்தது ஒரு வீட்டுக் கடன் சங்கம். இருபத்தைந்து வருஷத்தில் கட்டித் தீர்க்க வேண்டும். ஐந்து வருஷம் கட்டியாகிவிட்டதால் வீட்டில் ஐந்தில் ஒரு பங்கு இப்போது நம்முடையது என்பது அருளப்பனின் கணக்கு. அருளப்பன் என்பவர்தான் என் கணவர். சேலத்துக்காரர். இங்கே தபால் நிலையத்தில் கடிதம் பிரிக்கிறார். எவ்வளவு பெரிய கணக்கையும் சுலபமாகப் போட்டுவிடுவார், சரியாக வருகிறதா என்று பார்க்கும் கெட்ட பழக்கம் மட்டும் கிடையாது.

"பிலோமினா, இந்த முன் ரூம் இன்னையிலிருந்து நம்முளுது," என்று கேக்கை வெட்டினார். "சமையக்கட்டு அடுத்த அஞ்சு வருசத்துல வந்துரும்."

ஆறு வயது மகள் ரீட்டா, கக்கூஸ் எப்போது நம்முடையதாகும் என்று இங்கிலீஷில் கேட்டாள். அவளுக்கு நாங்கள் பேசும் தமிழ் புரியும். பதில் மட்டும் இங்கிலீஷில்தான் வரும். அதுவரைக்கும் உள்ளே போக யாரைக் கேட்க வேண்டுமோ என்பது அவள் கவலை. குழந்தையின் கேள்வியில் இருந்த விவரம் பெரியவருக்கு இல்லை.

2

கேக்கின் மிச்சம் காய்வதற்குள் சங்கத்திலிருந்து கடிதம் வந்தது. வட்டியைக் கொஞ்சம் ஏற்ற வேண்டியதாகிவிட்டது, வருந்துகிறோம், ஆனால் நீங்கள் மாதாமாதம் கட்டும் தொகையில் எந்த மாற்றமும் இல்லை என்று எழுதியிருந்தார்கள்.

"பாத்தியா, வட்டி ஏறியும் நம்மகிட்ட ஒரு பென்னி கூடக் கேக்கலை. மரியாதைப்பட்டவங்க," என்றார் அருளப்பன்.

மரியாதைப்பட்டவர்களோடு கொடுக்கல் வாங்கல் வைத்துக்கொண்ட குடும்பத்தில் பிறந்தவள் நான். அதனால் ஆஸ்பத்திரியில் இரவு ட்யூட்டி முடிந்த கையோடு, தூங்காமல், அவரையும் குழந்தையையும் இழுத்துக்கொண்டு சங்கத்தின் ஆபீசுக்குப் போனேன்.

அந்த ஆபீஸ் எனக்கு மறக்காத இடம். கடன் கேட்டு முதல் தடவை போனபோது மானேஜர் என் நர்ஸ் சம்பளத்தைக் கேட்டுவிட்டு மிகவும் பாராட்டினார். பிறகு கணக்கில் சேர்க்க மாட்டேன் என்றார். கல்யாணமான பெண்ணுக்கு எந்த நேரமும் குழந்தை பிறக்கலாமாம், வேலை போகலாமாம். குழந்தை ஏற்கெனவே பிறந்து என் மடியில் உட்கார்ந்து அவருடைய பேனாவைப் பிடுங்கிக்கொண்டிருந்தது. இன்னொன்று பிறக்கலாமல்லவா என்றார். எங்கள் மேல் அவருக்கு இருந்த நம்பிக்கை எங்களுக்கே இருந்ததில்லை.

கடன் வாங்காமலும் இருக்க முடியவில்லை. அறை வாடகைக்கு என்று அட்டை தொங்கும் வீட்டில் கதவைத் தட்டினால், என் முகத்தைப் பார்த்ததும், இப்போதுதான் ஒருவர் எடுத்துக்கொண்டார் என்பார்கள். அட்டை அடுத்த மாதமும் தொங்கும். கைக்குழந்தையோடு மூன்று அறை மாறிய பிறகு, சொந்தக் கதவு ஒன்று இருந்தால் போதும் என்றாகிவிட்டது.

அருளப்பனுக்கு அன்றைக்கு இருந்த குஷியைச் சொல்ல வேண்டும். நம் ஊரில் வீட்டைப் போக்கியத்துக்கு விட்டால், பணம் கொடுத்தவர் வீட்டில் குடியேறுவார், வீட்டுக்குச் சொந்தக்காரர் வெளியே போவார். இங்கே பணம் கொடுத்த சங்கம் வெளியே நிற்கிறது, வாங்கிய நாம் உள்ளே இருக்கிறோம். இப்படி ஒரு ஏமாளி ஜனத்தை அவர் பார்த்ததே இல்லை. "இவங்களுக்கு விவரம் பத்தாது," என்று தமிழில் சொல்லிக்கொண்டே கையெழுத்துப் போட்டுப் பேனாவைத் திருப்பிக் கொடுத்தார். மானேஜர் நன்றி சொல்லி வாங்கிக்கொண்டார்.

இந்தத் தடவை மானேஜர் இல்லை, கவுண்டரில் ஒரு இளம்பெண் இருந்தாள். இதுவரை எவ்வளவு கட்டியிருக்கிறோம் என்று கேட்டோம். ஏறக்குறைய ஆயிரம் பவுன் என்றாள். அருளப்பன் என்னைப் பெருமையோடு பார்த்தார். அப்படியானால் கடன் எவ்வளவு குறைந்திருக்கிறது என்று கேட்டேன். இருநூற்றைம்பது பவுன் என்றாள்.

"மீதி?"

"வட்டி."

அவள் கைக்குழந்தைக்குச் சோறூட்டும் பொறுமையோடு விளக்கினாள். ஆரம்ப வருஷங்களில் கட்டுவதில் பெரும்பகுதி வட்டிக்குத்தான் போகுமாம். அசல் கரைய ஆரம்பிப்பதெல்லாம் கடைசியில்தானாம். வாங்கியது இரண்டாயிரத்து ஐந்நூறு, எல்லாம் முடியும்போது கட்டியிருப்பது அதைப் போல இரண்டு மடங்கு. எல்லோருக்கும் இப்படித்தான், கவலைப்படாதீர்கள் என்றாள். இப்போது வட்டி ஏறிவிட்டதே, மாதத் தொகை மட்டும் எப்படி ஏறவில்லை என்று கேட்டேன்.

"வருஷம் ஏறும்," என்றாள். "இன்னும் இருபது வருஷம் இருந்தது. இனிமேல் சுமார் இருபத்துமூன்று."

அருளப்பன் மேல் முழுப் பழியையும் போட முடியாது. நம் பக்கத்தில் வட்டி தனி, அசல் தனி. வட்டியை மாதாமாதம் கொண்டுபோய்க் கொடுப்போம். அசல் கொடுத்த இடத்திலேயே கல் மாதிரி உட்கார்ந்திருக்கும், ஒரு நாள் மொத்தமாகப் புரட்டி இறக்குவோம். எது வட்டி, எது அசல் என்று கைக்குத் தெரியும். இங்கே இரண்டையும் ஒரே கவரில் போட்டு வாங்கிக்கொள்கிறார்கள். மாதாமாதம் போனதெல்லாம் அசல்தான் என்று ஐந்து வருஷம் நிம்மதியாகத் தூங்கியவர் சேலத்தைத் தவிர வேறெங்கும் பிறந்திருக்க முடியாது.

பஸ்ஸில் வரும்போது ரீட்டா, முன் ரூம் நம்முடையதுதானே என்று கேட்டாள். பாதி என்றேன். ஜன்னல் இருக்கிற பக்கமா என்று கேட்டாள். அதற்கு அவள் அப்பாதான் பதில் சொல்ல வேண்டும் என்று விட்டுவிட்டேன்.

3

சூரமங்கலத்தில் என் அப்பா கட்டிய வீட்டிலும் முன் ரூமுக்கு ஒரு ஜன்னல் உண்டு. தெருவைப் பார்த்த ஜன்னல். அப்பா சவரிமுத்து, சேலம் ஜங்ஷனில் பார்சல் ஆபீஸ் கிளார்க். நாங்கள் ரயில்வே குவார்ட்டர்ஸில் குடியிருந்தோம். ரிட்டயர் ஆகும் நாளில் குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டும் என்பதால், அன்றைக்குப் போய் உட்கார ஓர் இடம் வேண்டுமென்று, சம்பளத்தில் மிச்சம் பிடித்து மூன்று அறை ஓட்டு வீடு ஒன்றைக் கட்டினார். முன் ரூம் பாப்பாவுக்கு என்று சொல்லிவிட்டார். பாப்பா நான்.

சுண்ணாம்பு காய்வதற்குள் இரண்டு நல்ல காரியம் சேர்ந்து வந்தது. அக்காவுக்குக் கல்யாணம் நிச்சயமானது. இங்கிலாந்தில் ஓர் ஆஸ்பத்திரி என்னை நர்ஸ் படிப்புக்கு எடுத்துக்கொண்டது. மூன்று வருஷப் படிப்பு. படிக்கும்போதே சம்பளம் தருவார்கள், கப்பல் செலவு மட்டும் நம்முடையது. இது ஐம்பத்தைந்தாம் வருஷம்.

அப்போதுதான் மோகனூர்ப் பழனியப்பன் வந்தார். காவிரிக் கரையில் கரும்பும் வாழையும் வைத்திருப்பவர். பிள்ளைகளைச் சேலத்தில் படிக்க வைக்க டவுனில் ஒரு வீடு தேடிக்கொண்டிருந்தார். முதல் நாளே ஒரு தார் பூவன் பழத்தோடு குவார்ட்டர்ஸுக்கு வந்து பாயில் உட்கார்ந்தார்.

"ஏனுங்க கிளார்க்கய்யா, மூவாயிரம் தாரேனுங்க. ஊட்டுக்கு வாடகை இல்லீங்க, பணத்துக்கு வட்டி இல்லீங்க. மூணு வருசம் களிச்சு நீங்க பணத்தைக் குடுங்க, நான் சாவியைக் குடுத்துப்போடறேன். இதுல ஆருக்குங்க நட்டம்?"

யாருக்கும் நட்டமில்லை என்று அப்பாவுக்குத் தெளிவாகத் தெரிந்தது. குடியிருக்க குவார்ட்டர்ஸ் இருக்கிறது. சும்மா பூட்டிக் கிடக்கும் வீட்டை ஒருவர் பெருக்கி விளக்கேற்றப் போகிறார், அதற்கு மூவாயிரமும் கொடுக்கிறார். வட்டி இல்லாத கடனுக்குச் செலவே இல்லை என்று அப்பா நினைத்தார். பத்திரம் எழுதுபவர் எல்லாப் போக்கியப் பத்திரத்திலும் எழுதுகிற ஒரு வரியை இதிலும் எழுதினார்: வீட்டுக்காரரின் சம்மதத்தோடு செய்யும் வேலைகளின் செலவை மீட்கும்போது சேர்த்துத் தர வேண்டும். வாசித்துக் காட்டியபோது அப்பா தலையாட்டினார். தலையாட்டுவது அப்பாவுக்குக் கைவந்த கலை.

என்னை ரயிலேற்ற வந்தபோது அவர் சொன்னதை நான் இங்கே எத்தனையோ தடவை சொல்லிப் பார்த்திருக்கிறேன்.

"மூணு வருசம் ஊடு அவங்ககிட்ட, நீ சீமையில. ரெண்டும் ஒண்ணாத் திரும்பிரும், பாப்பா. அழுவாத."

4

பழனியப்பன் நல்ல மனிதர். அதுதான் வினை. கெட்ட மனிதராக இருந்திருந்தால் வீட்டைப் பாழாக்கிவிட்டுப் போயிருப்பார், நாங்கள் மூவாயிரத்தைக் கொடுத்து மீட்டிருப்போம். இவர் வீட்டைத் தன் வீடு போலப் பார்த்துக்கொண்டார்.

முதல் வருஷம், தரை பெயர்கிறது, சிமெண்டு போடட்டுங்களா என்று கேட்க வந்தார். கையில் ஒரு சிப்பம் வெல்லம். வெல்லத்தோடு வந்தவரிடம் வேண்டாம் என்று சொல்வது எப்படி? "உங்க இஷ்டமுங்க," என்றார் அப்பா. இரண்டாம் வருஷம் தண்ணீர்க் கஷ்டம், கிணறு வெட்டட்டுங்களா என்றார். கையில் வாழைத்தார். "அதுக்கென்னங்க, வெட்டுங்க."

சூரமங்கலத்தில் கிணறு வெட்டுவது சும்மா இல்லை. கொஞ்ச ஆழத்திலேயே பாறை. வெடி வைத்து உடைத்தார்கள். வெடிச்சத்தம் குவார்ட்டர்ஸ் வரைக்கும் கேட்டதாம். அப்பா சந்தோஷமாகப் போய் எட்டிப் பார்த்துவிட்டு வந்து, நம் வீட்டுக் கிணற்றில் ஊற்று நன்றாக இருக்கிறது என்று சொன்னாராம். அம்மா கடிதத்தில் எனக்கு எழுதினாள்: "அவர் வெட்டுறது கிணறு இல்லை, நமக்குக் குழி. உங்கப்பா நின்னு ஆழம் பார்த்துட்டு வாரார்."

மூன்று வருஷம் முடிந்தது. என் படிப்பும் முடிந்தது. விடுதியில் சாப்பாட்டைக் குறைத்து, கோட்டுக்குப் பதில் இரண்டு ஸ்வெட்டர் போட்டு, மூவாயிரம் ரூபாய்க்கான பவுனைச் சேர்த்து வைத்திருந்தேன். கப்பலுக்கு விசாரித்துக்கொண்டிருந்த நேரத்தில்தான் மூவாயிரத்தோடு கிணற்றுச் செலவும் தரைச் செலவும் சேர்ந்து ஐயாயிரத்துச் சொச்சம் என்று தெரிய வந்தது. இன்னும் இரண்டு வருஷம் வேலை பார்த்துவிட்டு வருகிறேன் என்று எழுதினேன்.

அந்த இரண்டு வருஷத்தில் கரண்டு வந்தது. டவுன் பால் பிள்ளைகளுக்கு ஒத்துக்கொள்ளவில்லை என்று மாடு வந்தது. மாடு வந்ததால் மாட்டுக் கொட்டாய் வந்தது. எனக்கு அருளப்பன் வந்தார். எங்கள் ஊர்ப் பங்குச் சாமியார் பார்த்து, இரண்டு வீட்டாரும் பேசி, கடிதத்திலேயே நிச்சயம் செய்து, இங்கே மாதா கோயிலில் கல்யாணம். வீட்டை மீட்டதும் ஊருக்குத் திரும்பிவிட வேண்டும் என்று கல்யாணத்துக்கு முன்பே அவரிடம் சொல்லியிருந்தேன். "கண்டிப்பா," என்றார். என் அப்பாவைப் போலவே தலையாட்டினார். அப்போதே நான் கவனித்திருக்க வேண்டும்.

அடுத்தது ரீட்டா, அதற்கடுத்து நான் மேலே சொன்ன அறை தேடல், அதற்கடுத்து சங்கம். நான் சேர்த்து வைத்திருந்த பவுன் இந்த வீட்டுக்கு முன்பணமாகப் போனது.

சங்கத்தின் கவுண்டரிலிருந்து திரும்பிய அன்றைக்குச் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து நான் ஒரே ஒரு கணக்குப் போட்டேன். ஐந்து வருஷத்தில் இங்கே வட்டியாக மட்டும் போன பணம், அப்பா வாங்கிய மூவாயிரத்தைப் போல மூன்று மடங்கு. வாடகையும் இல்லை, வட்டியும் இல்லை என்று அங்கே ஒரு வீடு. கடன் வாங்கியவரே உள்ளே இருக்கலாம் என்று இங்கே ஒரு வீடு. எங்கள் குடும்பத்தில் நட்டப்படாமல் கடன் வாங்கத் தெரிந்தவர்கள் தலைமுறைக்கு ஒருவர் பிறக்கிறார்கள். எனக்கு ஆத்திரமாக வந்தது. யார் மேல் என்றுதான் தெரியவில்லை. அருளப்பனுக்குக் குழம்பு ஊற்றாமல் எழுந்து போனேன்.

5

அறுபத்தாறில் அப்பா ரிட்டயர் ஆனார். குவார்ட்டர்ஸைக் காலி செய்தார். அந்த நாளுக்காகக் கட்டிய வீட்டில் இன்னொருவர் குடும்பம் இருந்ததால், அதற்கு நேர் எதிரே ஒரு வீட்டில் சின்னதாக ஒரு பகுதியை வாடகைக்கு எடுத்தார். வட்டியில்லாத கடனுக்கு முதல்முதலாக வாடகை கொடுக்க ஆரம்பித்தார். காலையில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து, தன் வீட்டைப் பார்த்துக்கொண்டே பேப்பர் படிப்பாராம். பழனியப்பன் வீட்டம்மா தினமும் ஒரு செம்பு பால் கொடுத்தனுப்புவாராம். "உங்கப்பாவுக்கு அவர் ஊட்டுப் பால் ஓசியில கிடைக்குது, குடுத்து வச்சவர்," என்று அம்மா எழுதினாள்.

அதே கடிதத்தில் இன்னொரு சேதியும் இருந்தது. மோகனூர்ப் பக்கம் சர்க்கரை ஆலை வந்ததிலிருந்து பழனியப்பன் கையில் நல்ல காசு. பேசாமல் வீட்டை எனக்கே கிரயம் செய்து கொடுத்துவிடுங்கள் என்று அப்பாவிடம் கேட்டிருக்கிறார். நல்ல விலை. பலகாரத் தட்டோடு வந்து கேட்டிருக்கிறார். அப்பா தலையாட்டவில்லையாம். "பாப்பாவைக் கேக்கணுமுங்க," என்றாராம். தை முடிவதற்குள் பதில் சொல்வதாகச் சொல்லி அனுப்பியிருக்கிறார்.

பதினோரு வருஷத்தில் அப்பா சம்மதம் சொல்லாத முதல் விஷயம் அதுதான். அந்த வீடு போனால் அப்பா கடைசிவரை எதிர் வீட்டு நாற்காலியில்தான் உட்கார்ந்திருப்பார் என்று தெரிந்தது.

அந்த வருஷம்தான் தில்லியில் ரூபாயின் மதிப்பைக் குறைத்திருந்தார்கள். பதின்மூன்று ரூபாயாக இருந்த பவுன் இருபத்தொன்று ஆகியிருந்தது. நாட்டுக்கு அது கெட்ட செய்தி. அருளப்பன் அன்றைக்கும் கேக் வாங்கி வந்திருந்தார். இப்போது ஐந்நூறு பவுன் இருந்தால் வீட்டையும் மீட்கலாம், நானும் ரீட்டாவும் போய்வரக் கப்பல் செலவும் ஆகிவிடும். ஐந்நூறு பவுனுக்கு எங்கே போவது? ஏமாளிகளிடமே திரும்பப் போனோம்.

மானேஜர் எழுந்து நின்று கை கொடுத்தார். எங்கள் தெருவில் வீட்டு விலை ஏறியிருக்கிறதாம், தாராளமாக இன்னும் கொஞ்சம் கடன் தரலாமாம். "வீட்டைச் சீர்படுத்தத்தானே?" என்றார். ஆமாம் என்றோம். எந்த வீட்டை என்று அவர் கேட்கவில்லை. மாதத்துக்கு இரண்டு பவுன் கூடுதல், முடிய இருபத்தெட்டு வருஷம் என்றார். நான் இந்தத் தடவை எல்லாவற்றையும் கேட்டுத் தெரிந்துகொண்டுதான் கையெழுத்துப் போட்டேன். தெரிந்துகொண்டு போட்டாலும் தெரியாமல் போட்டாலும் தொகை ஒன்றுதான் என்பது அப்போதுதான் விளங்கியது.

ரீட்டா பள்ளிக்கூடத்தில், எங்களுக்கு இரண்டு வீடு இருக்கிறது, ஒன்றில் பசு மாடுகூட இருக்கிறது என்று சொல்லிவிட்டாள். அவளுடைய டீச்சர் என்னைத் தெருவில் நிறுத்தி, இந்தியாவில் நீங்கள் பெரிய நிலச்சுவான்தார்களா என்று விசாரித்தாள். ஆமாம், அதனால்தான் ராத்திரி வேலைக்குப் போகிறேன் என்றேன். அவளுக்கு அது புரியவில்லை, சிரித்து வைத்தாள்.

6

கப்பலில் பம்பாய், அங்கிருந்து ரயிலில் சேலம் ஜங்ஷன். அப்பா பிளாட்பாரத்தில் பழைய ரயில்வே கோட்டோடு நின்றார். ரீட்டா இங்கிலீஷில் நலம் விசாரித்துக் கையை நீட்டினாள். அப்பா அந்தக் கையைப் பிடித்து, "நல்லா இருக்கேன் சாமி," என்றார். எங்கள் பெட்டிகளை அவரே இறக்கி, ஒவ்வொன்றையும் தூக்கிப் பார்த்து எடை சொன்னார்.

ரிஜிஸ்தரார் ஆபீசில் ஒரு நாள் முழுக்கப் போனது. பாஸ்போர்ட்டில் என் பேரோடு கணவர் பேர் இருந்ததால், பணம் கொண்டுவந்த மகளும் சவரிமுத்துவின் மகளும் ஒன்றுதானா என்று அங்கே ஒருவருக்குச் சந்தேகம். மகள்தான் என்று அப்பா சொன்னது போதவில்லை. பழனியப்பன் எழுந்து, "இந்தப் புள்ளைய நான் பாவாடை தாவணி கட்டுன நாள்லிருந்து பாக்கறேனுங்க," என்று சாட்சி சொன்னார். கடன் கொடுத்தவர் சாட்சியால் நான் என் அப்பாவுக்கு மகளானேன்.

பணத்தை எண்ணி வைத்தபோது அவர் ஐந்நூறு ரூபாயை எடுத்துத் திருப்பி வைத்தார்.

"மாட்டுக் கொட்டாய் என்ர மாட்டுக்குங்க. அதுக்கு உங்ககிட்ட வாங்கறது நாயமில்லீங்க."

அப்பாவுக்குக் கண் கலங்கியது. எனக்கும்தான். பதினோரு வருஷம் இந்த மனிதரைத் திட்டியிருக்கிறேன், கடைசியில் நிம்மதியாகத் திட்டக்கூட விடாமல் செய்துவிட்டார்.

சாவியைக் கொடுத்துவிட்டு அவர் தயங்கி நின்றார்.

"ஏனுங்க கிளார்க்கய்யா, சின்னப்புள்ள இந்த வருசந்தான் காலேஜுல சேந்திருக்குதுங்க. முன் ரூம் மட்டும் கெடைச்சா அதும் அவங்கம்மாளும் இருந்துக்குவாங்க."

"அது பாப்பா ரூமுங்க," என்றார் அப்பா.

எங்கள் வீட்டில் அப்படி ஒரு மறுப்பை நான் கேட்டதே இல்லை. வெளியே வந்ததும் அம்மா என்னை இடித்து, "கேட்டியா, உங்கப்பாவுக்குப் பேச்சு வந்துருச்சு," என்றாள்.

மறுநாள் காலை பழனியப்பன் தெருவில் லாரி வைத்துச் சாமான் ஏற்றிக்கொண்டிருந்தார். மாடு ஏற மறுத்தது. அப்பா எங்களை உள்ளே அழைத்துப் போனார். தான் கட்டிய வீட்டுக்குள் செருப்பைக் கழற்றிவிட்டு, விருந்தாளி மாதிரி ஓரமாக நடந்தார். கிணற்றைக் காட்டினார். சிவப்புச் சிமெண்டுத் தரையைக் காட்டினார். ஸ்விட்சைப் போட்டு விளக்கைக் காட்டினார். எல்லாவற்றுக்கும் பணம் கொடுத்த என்னிடமே, பழனியப்பன் எவ்வளவு நன்றாகச் செய்திருக்கிறார் என்று புகழ்ந்தார். பிறகு முன் ரூமைத் திறந்து, என் பெட்டியைக் கொண்டுவந்து ஜன்னலோரம் வைத்தார். கயிற்றுக் கட்டில் ஒன்று புதிதாக வாங்கிப் போட்டிருந்தார். ஜன்னலைத் தள்ளித் திறந்தார்.

"ஊடு வந்துருச்சு, பாப்பா," என்றார். "நீ எப்ப வர்ற?"

பொய் சொல்லலாம் என்று வாய் வரைக்கும் வந்தது. ரெண்டு வருசத்துல வந்துர்றோம்பா என்று சொன்னால் தலையாட்டியிருப்பார். முடியவில்லை.

"இந்த ஊட்டை மீட்க அந்த ஊட்டு மேல இன்னும் வாங்கியிருக்கோம்பா. அது முடிய இருபத்தெட்டு வருசம்."

"அதுவரைக்கும் அங்கேயே இருந்து கட்டணுமா?"

"வித்துட்டு வரலாம். வித்தாக் கடன் போவக் கையில பெருசா ஒண்ணும் நிக்காது. இங்க அவருக்கு வேலை கிடைக்கணும். இவளுக்குப் பள்ளிக்கூடம்..." என்று ரீட்டாவைக் காட்டினேன். அவள் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு மாட்டைப் பார்த்து இங்கிலீஷில் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தாள்.

அப்பா மனசுக்குள் கூட்டிப் பார்த்தார். உதடு அசைந்தது. தன் வயது ஐம்பத்தெட்டும் அந்த இருபத்தெட்டும் எவ்வளவு என்பது பார்சல் ஆபீஸ் கிளார்க்குக்குப் பெரிய கணக்கில்லை. ஆனாலும் கொஞ்ச நேரம் எடுத்துக்கொண்டார்.

"பரவால்ல," என்றார். "நீயாவது உள்ள இருந்துகிட்டுக் கட்டுற."

அப்புறம் வெளியே போனார். தெருவில் அவர் குரல் கேட்டது.

"ஏனுங்க, முன் ரூமை நீங்களே எடுத்துக்குங்க. அம்மாளையும் புள்ளையும் இருக்கச் சொல்லுங்க."

"ரொம்பச் சந்தோசமுங்க," என்றார் பழனியப்பன். "எப்படிங்க, முன்னாட்டவே போக்கியமாவே வச்சுக்கலாங்களா?"

"வேண்டாமுங்க. வாடகை குடுத்துருங்க, மாசாமாசம்."

அப்பா திரும்ப உள்ளே வந்தார். என் பெட்டியைத் தூக்கி நடு ரூமில் வைத்தார்.